தொண்டையில் குடியிருப்பவள்

ரோம்
9 மார்ச் 1960

மதிப்பிற்குரிய லிவியா டோர் அவர்களுக்கு,

என் முகம் உங்களுக்கு நினைவிருக்காது. குரல் தெரியும். உங்கள் பதினான்கு படங்களிலும் நீங்கள் வாயசைக்க, பேசியவள் நான். பத்து ஆண்டுகளில் நாம் ஒரே ஒருமுறைதான் சந்தித்திருக்கிறோம், டப்பிங் கூடத்தின் மாடிப்படியில். நீங்கள் ஏறிக்கொண்டிருந்தீர்கள், நான் இறங்கிக்கொண்டிருந்தேன். நான் தும்மினேன். "சளியா? ஐயோ, படம் தள்ளிப்போயிடுமே!" என்றீர்கள். அவ்வளவுதான் நம் பழக்கம்.

நேற்று முடி சுருட்டிக்கொள்ளப் போயிருந்தேன். கடைக்காரி ஃப்ளாவியா பத்திரிகையோடு ஓடி வந்தாள். "எல்டா, உன்னப் பத்திப் போட்டிருக்குடி! பேருதான் போடல" என்றாள். ஈரத் தலையோடு உட்கார்ந்திருந்த அத்தனை பேருக்கும் கேட்கும்படி வாசித்தாள். நீங்கள் பேட்டியில் சொன்னது: "பத்து வருஷமா என் தொண்டையில வேற ஒருத்தி குடியிருக்கா. இந்தப் படத்தோட காலி பண்ணச் சொல்லிட்டேன்."

கடையில் எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். சிரிப்பது என் தொழில்.

குடியிருப்பவள் என்ற முறையில் ஒன்றிரண்டு சொல்லிக்கொள்கிறேன். வீட்டை நான் பாழாக்கவில்லை. பொய் சொல்லும் காட்சிகளில், வசனத்துக்கு முன்னால் மூக்கால் ஒரு சின்ன மூச்சை இழுப்பீர்கள். எந்த இயக்குநரும் அதைக் கவனித்ததில்லை. நான் ஒருமுறைகூட அதை விட்டதில்லை. உங்களுக்குப் பரிசு கொடுத்தபோது "குரலில் தெரியும் அந்த நடுக்கத்துக்காக" என்று எழுதினார்களே, அந்த நடுக்கத்துக்காக நான் ஒரு காலை முழுக்க நின்றேன். பரிசை நான் கேட்கவில்லை. சோம்பு மிட்டாய் ஒரு பொட்டலம் அனுப்பியிருந்தால் போதும். தொண்டைக்கு நல்லது.

எல்டா மொரூச்சி


பெலெஸ்திரீனா தீவு
17 மார்ச் 1960

திருமதி எல்டா அவர்களுக்கு,

நீங்கள் எழுதியது நியாயம்தான் என்று தொடங்க நினைத்தேன். நாலு தாளைக் கிழித்துப் போட்டேன். நியாயம் என்று எழுத வரவில்லை.

உங்கள் குரல் அழகானது. அதுதான் என் கஷ்டம். லிவியா டோர் என்பது தயாரிப்பாளர் கொராடோ வைத்த பெயர். நான் நெரீனா. இந்தத் தீவுக்கு எதிரே, தண்ணீருக்கு அந்தப் பக்கம் தெரிகிற கியோஜா ஊர்க்காரி, மீனவர் சாந்தேயின் ஒரே மகள். நான் கொராடோவோடு வாழ்கிறேன் என்பது நாடறிந்த கதை. அவருக்குத் தூரினில் மனைவி இருக்கிறாள்; அந்தக் கல்யாணத்தை முறிக்க நம் சட்டத்தில் வழியில்லை. எங்கள் ஊர்ப் பாதிரியார் பிரசங்க மேடையிலேயே என் பெயரைச் சொன்னார். அன்று அப்பா வீட்டுக்கு வந்து, "நெரீனா செத்துட்டா" என்றாராம்.

பிறகு என் முதல் படம் வந்தது. ஊரே போய்ப் பார்த்தது. அப்பாவையும் இழுத்துப் போனார்கள். வெளியே வந்ததும் அவர் சொன்னதை ஆர்ஜியா அத்தை எனக்கு எழுதினாள்: "மூஞ்சி கொஞ்சம் அவ ஜாடைதான். ஆனா குரல் அவ குரல் இல்ல. என் மக குரல் எனக்குத் தெரியாதா? இது யாரோ ரோம்காரி."

அது நீங்கள்.

அன்றிலிருந்து யார் என் பேச்சை எடுத்தாலும் இதே பதில்தான். ரோம்காரி. என்னைச் சாகடித்தது கொராடோ என்றால், புதைத்த மண் உங்கள் குரல். கோபத்தில் எழுதவில்லை. நடந்ததைச் சொல்கிறேன்.

இப்போது அப்பாவுக்கு இரண்டு கண்ணும் போய்விட்டன. இனி என் முகத்தை வைத்து அவரை ஒன்றும் செய்ய முடியாது. நேரே போகலாமே என்பீர்கள். படப்பிடிப்புக்கு வந்த மறுநாளே போனேன். கதவுக்கு வெளியே நின்று "அப்பா" என்றேன். உள்ளே வானொலியை உரக்க வைத்தார். இன்னொரு முறை கூப்பிட்டேன். இன்னும் உரக்க வைத்தார்.

அதனால்தான் இந்தப் படம். மீனவன் பெண்டாட்டி வேடம். எங்கள் பேச்சிலேயே, என் குரலிலேயே, படம்பிடிக்கிற இடத்திலேயே ஒலி எடுக்கிறோம். அப்பா விற்ற பழைய படகு இதில் வருகிறது. ஊர்க்காரர்கள் பாதிப் பேர் கூட்டத்தில் நிற்கிறார்கள். படம் வந்தால் அவர் போகாமல் இருக்கமாட்டார். திரையரங்கில் சத்தத்தைக் கூட்டுகிற திருகு அவர் கையில் இருக்காது.

சோம்பு மிட்டாய் இங்கே கிடைக்கவில்லை. ரோமுக்குச் சொல்லி அனுப்பியிருக்கிறேன்.

லிவியா டோர்


ரோம்
2 ஏப்ரல் 1960

அன்புள்ள லிவியா,

மிட்டாய் வந்தது. இவ்வளவு பெரிய டப்பாவா? நான் பாடகி இல்லை.

காலி செய்கிறேன். வருத்தம் இல்லை என்று எழுதினால், மூக்கால் மூச்சை இழுத்துவிட்டு எழுதியதாக ஆகும். ஐம்பத்திரண்டு வயதில் எனக்கு வேறு முகம் யாரும் தரப்போவதில்லை. ஆனாலும் ஒரு தகப்பன் கேட்பதற்காக என்றால் போகட்டும்.

போகிறபோது ஒரு யோசனை. உங்கள் ஊர்ப் பேச்சு வாக்கியத்தின் கடைசியில் மேலே ஏறும். வெட்கப்பட்டு அதை அமுக்காதீர்கள். அமுக்கினால் ஊர்க்காரியும் இல்லை, ரோம்காரியும் இல்லை என்று ஆகிவிடும்.

இன்னொன்று. சொந்தக் குரல்தான் என்பதைக் கொராடோவிடம் எழுத்தில் வாங்கினீர்களா? நான் இந்தத் தொழிலில் முப்பது வருஷமாக இருக்கிறேன்.

எல்டா


மிலான்
11 ஜூன் 1960

திருமதி எல்டா,

எழுத்தில் வாங்கவில்லை. தலையணையில் தலை வைத்துச் சொன்ன வார்த்தைக்கு யார் கையெழுத்துக் கேட்பார்கள்?

இன்று திரையரங்கு முதலாளிகளுக்குப் போட்டுக் காட்டினார்கள். புருஷன் திரும்பி வராத இடத்தில், அவன் சட்டையை மடியில் வைத்துக்கொண்டு நான் பேசுவேன். முன்வரிசையில் ஒருவர் தோள் குலுங்கியது. அழுகிறார் என்று நினைத்தேன். கைக்குட்டையை வாயில் அடைத்துக்கொண்டு சிரித்துக்கொண்டிருந்தார். அவர் பக்கத்து ஆள் சொன்னது என் காதில் நன்றாகவே விழுந்தது: "வாயைத் தொறந்தா மீன் விக்கிற மாதிரியே இருக்கே! எவ்வளவுன்னு கேளுப்பா."

அதன்பிறகு ஒவ்வொரு வசனத்துக்கும் சிரித்தார்கள்.

கொராடோ என்னைத் தாழ்வாரத்துக்கு அழைத்துப் போனார். "கண்ணு, நீ நல்லாத்தான் பேசியிருக்க. ஆனா டிக்கெட் வாங்குறவன் அழணும், சிரிக்கக் கூடாது. எல்டாவைக் கூப்பிட்டுக்கிறேன். ஒரு வாரத்து வேலை." நான் அப்பாவைப் பற்றிச் சொன்னேன். "ஒரு குருட்டுக் கிழவனுக்காக ஒரு படத்தை முழுகடிக்கச் சொல்றியா?" என்றார். பிறகு மன்னிப்புக் கேட்டார். அவர் எப்போதும் மன்னிப்புக் கேட்டுவிடுவார்.

எல்டா அவர்களே, நான் இதுவரை உங்களிடம் எதையும் கேட்டதில்லை. மறுத்துவிடுங்கள். இந்த ஒரு படம் மட்டும்.

நெரீனா


ரோம்
5 ஜூலை 1960

நெரீனா,

சொந்தப் பெயரில் கையெழுத்துப் போட்டிருக்கிறாய். அதனால் உன்னை நீ என்றே எழுதுகிறேன். இனி எழுதப்போவதற்கு அதுதான் ஏற்றது.

நான் மறுக்கவில்லை. நேற்றுத் தொடங்கிவிட்டோம்.

திட்டு. ஆனால் இதையும் கேள். நான் காலையில் மறுத்தால், மதியச் சாப்பாட்டுக்குள் மைக்கின் முன்னால் வேறொருத்தி நிற்பாள். அவள் உன் உதட்டைப் பார்க்கமாட்டாள், கடிகாரத்தைப் பார்ப்பாள். நான் மறுத்தால் உன் அப்பாவுக்கு உன் குரல் கிடைத்துவிடுமா? கிடைக்காது. என் மனச்சாட்சிக்கு ஒரு பதக்கம் கிடைக்கும். எனக்கு வாடகைக்குப் பணம் வேண்டும், பதக்கம் வேண்டாம்.

நீ படப்பிடிப்பில் பேசிய கச்சா ஒலியை எங்களுக்கு வழிகாட்டுவதற்காகப் போடுகிறார்கள். ஒவ்வொரு துண்டையும் முதலில் உன் குரலில் கேட்டுவிட்டு, பிறகு அதன்மேல் என் குரலைப் பூசுகிறேன். உன் சொந்தக் குரலை நான் இப்போதுதான் கேட்கிறேன். மீன் விற்கிற குரல்தான். அந்தச் சட்டைக் காட்சியில் நீ நன்றாகச் செய்திருக்கிறாய். நான் அவ்வளவு நன்றாகச் செய்யமாட்டேன். கொஞ்சம் அழகாகச் செய்வேன். அதைத்தான் கேட்கிறார்கள்.

ஒரு துண்டு மட்டும் புரியவில்லை. அலைதடுப்புச் சுவரின் முனையில் கேமராவுக்கு முதுகைக் காட்டி நிற்கிறாய். ஒரே மூடுபனி. வசனத் தாளில் "ஆந்த்ரேயா!" என்று கணவன் பெயர் இருக்கிறது. நீ கூப்பிடுவது அது இல்லை. எந்த வார்த்தையுமே இல்லை. என்ன அது? அந்தத் துண்டைக் கடைசி நாளுக்குத் தள்ளிவைக்கச் சொல்லியிருக்கிறேன். எழுது.

எல்டா


வெனிஸ்
9 ஜூலை 1960

எல்டா,

அது அம்மாவின் கூப்பாடு.

எங்கள் ஊரில் மூடுபனி இறங்கினால் படகுகளுக்குக் கரை தெரியாது. பெண்கள் சுவரின் முனைக்குப் போய்க் கூப்பிடுவார்கள். ஒவ்வொரு வீட்டுக்கும் ஒரு கூப்பாடு; தாயிடமிருந்து மகளுக்கு, மாமியாரிடமிருந்து மருமகளுக்கு வருவது. படகில் இருப்பவன் தன் வீட்டுக் கூப்பாட்டைப் பிரித்தெடுத்து அதற்கு மட்டும் பதில் கொடுப்பான், அந்தத் திசைக்குப் படகைத் திருப்புவான். அம்மா போன பிறகு பத்து வயதிலிருந்து அப்பாவை நான்தான் கூப்பிட்டுக் கரை சேர்த்தேன்.

அன்று நிஜமாகவே பனி இறங்கிவிட்டது. கேமரா பின்னால் இருந்தது. ஆந்த்ரேயா என்று கூப்பிட வாயெடுத்தேன், இதுதான் வந்தது. இயக்குநர் கவனிக்கவில்லை.

ஒரு வீட்டுக் கூப்பாட்டை இன்னொரு வீட்டுக்காரி வாயில் எடுக்கமாட்டாள். விளையாட்டுக்குக்கூட எடுக்கமாட்டாள். ஆளைப் பாறையில் கொண்டுபோய்ச் சேர்த்துவிடும் என்பார்கள்.

ஆனால் நீங்கள் எங்கள் ஊர் இல்லையே. எடுத்துக்கொள்ளுங்கள். எல்லாவற்றையும் எடுத்துக்கொண்ட பிறகு இது ஒன்று எனக்கு எதற்கு?

நெரீனா


கியோஜா
21 நவம்பர் 1960

நெரீனா,

உன் கடைசிக் கடிதத்துக்கு நான் பதில் எழுதவில்லை. கோபம் இல்லை. எழுத ஒன்றும் இல்லை. இப்போது இருக்கிறது.

கடிதம் கைக்கு வந்தபோது அந்தத் துண்டு ஒன்றுதான் பாக்கி. விளக்கை அணைத்தார்கள். திரையில் உன் முதுகு. கச்சா ஒலியை ஒருமுறை போட்டார்கள். நான் கூப்பிட்டேன். நெரீனா, முதல் டேக்கிலேயே அச்சு அசலாக வந்துவிட்டது. ஒலிப்பதிவாளர் ஓர்ஸோ கண்ணாடிக்குப் பின்னால் கை தட்டினான். "யம்மா! இதுக்கு நிஜப் பொம்பளை எதுக்கு?" என்றான்.

உன் அப்பா இதைக் கேட்டு என்னிடம் அல்லவா திரும்புவார் என்று நினைத்தேன்.

"நாற்காலி கிறீச்சுன்னுது. இன்னொரு தடவை" என்றேன்.

நாற்காலியே இல்லை, நான் நின்றுகொண்டிருந்தேன். இரண்டாம் டேக்கைக் கெடுத்தேன். மூன்றாவதில் இருமினேன். அதன்பிறகு எனக்கே தெரியாத வழிகளில் எல்லாம் கெடுத்தேன். சேவல் மாதிரிக் கூப்பிட்டேன், பால்காரி மாதிரிக் கூப்பிட்டேன். முப்பது வருஷத்தில் நான் இரண்டாம் டேக் போனதே அபூர்வம். டப்பிங் இயக்குநர் மிட்டாயை நீட்டினார், வெந்நீர் கொடுத்தார், கடைசியில் கத்தினார். "எல்டா, உனக்கு என்னாச்சு? வயசாயிடுச்சுன்னா சொல்லித் தொலையேன்!" கூடத்தின் வாடகை ஏறிக்கொண்டிருந்தது. எல்லோருக்கும் பசி. ஓர்ஸோதான் சொன்னான்: "சார், முதுகுதானே தெரியுது? வாயசைப்பே இல்ல. கச்சா ஒலியையே விட்டுடலாம், கடல் இரைச்சல்ல கரைஞ்சிடும்." முதல் டேக்? அதில் நாற்காலிச் சத்தம் இருப்பதாக நானே சொல்லியிருந்தேனே, அழித்துவிட்டார்கள்.

ஆக படத்தில் உன் குரல் இருக்கிறது. ஒரு மூச்சு நீளம். நான் தந்ததாக நினைக்காதே. அது உன்னுடையது.

இனி நேற்றைய கதை. கியோஜாவில் முதல் காட்சி, ஞாயிறு மதியம். உன் அத்தைக்கு எழுதிவிட்டு ரயிலேறி வந்தேன். உனக்குச் சொல்லவில்லை. ஒன்றும் நடக்காமல் போனால் அதை நீ தெரிந்துகொள்ள வேண்டாம் என்று நினைத்தேன்.

ஊர் முழுக்க வந்திருந்தது. தங்கள் தலை தெரிகிறபோதெல்லாம் கூச்சலிட்டார்கள். உன் அப்பா ஞாயிற்றுக்கிழமைக் கோட்டுப் போட்டு, அத்தையோடு நடுவரிசையில் இருந்தார். "என் படகோட எஞ்சின் சத்தத்தைக் கேக்க வந்தேன், வேற எதுக்கும் இல்ல" என்று யாரும் கேட்காமலே சொல்லிக்கொண்டிருந்தார்.

"இந்த இடம் காலிதானே?" என்றேன். அவ்வளவுதான் சொன்னேன்.

அவர் தலை சட்டென்று திரும்பியது. "ஆர்ஜியா! ஆர்ஜியா, கேட்டியா? இதான் அந்த லிவியா டோர்! பத்து வருஷமா நான் என்ன சொன்னேன்? நம்ம நெரீனாவாவது, நடிகையாவது!" என் கையைத் தேடிப் பிடித்துக்கொண்டார். "அம்மா, தப்பா நினைக்காதீங்க. உங்களப் போயி என் மகன்னு சொல்லி இந்த ஊரு என்னைப் பாடாப் படுத்துது."

அத்தை என்னைப் பார்த்தாள், நான் அத்தையைப் பார்த்தேன். விளக்கு அணைந்துவிட்டது.

படம் முழுக்க அவர் சந்தோஷமாக இருந்தார். நான் திரையில் பேசும்போதெல்லாம் என் கையைத் தட்டி, "நல்லாப் பேசுறீங்கம்மா" என்றார். படகின் எஞ்சின் கேட்டபோது, "வால்வு சரியில்ல, வாங்கினவன் பாக்கவே இல்ல" என்றார். பிறகு பனி வந்தது.

நீ கூப்பிட்டாய்.

என் கையைப் பிடித்திருந்த கை விலகியது. அவர் எழுந்து நின்றார். அரங்கம் முழுக்க அதிரும்படி பதில் கூப்பாடு கொடுத்தார். அந்த வயதான நெஞ்சில் அவ்வளவு காற்று எங்கே இருந்தது? யாரும் சிரிக்கவில்லை. முன்வரிசைக் கிழவர்கள் இரண்டு பேர் தொப்பியைக் கழற்றினார்கள்.

திரையில் படம் அடுத்த காட்சிக்குப் போய்விட்டது. உன் முகம், என் குரல். அவர் நின்றுகொண்டே இருந்தார். பின்னாலிருந்து ஒருவன், "சாந்தே அண்ணே, உக்காருங்க, மறைக்குது" என்றான். "எனக்கு எப்பவுமே மறைச்சுத்தான்டா இருக்கு, நீ கொஞ்ச நேரம் பொறு" என்றார். அடுத்த கூப்பாட்டுக்குக் காத்திருந்தார். நெரீனா, அதுதான் என்னால் தாங்க முடியவில்லை. அடுத்தது இல்லை என்று அந்த அரங்கத்தில் எனக்கு மட்டும்தான் தெரியும். கடைசி வரைக்கும் நின்றார்.

வெளியே வந்ததும் என் பக்கம் திரும்பாமல் சொன்னார். "நீங்க லிவியா டோர் இல்ல."

"இல்லை ஐயா. என் பேரு எல்டா. அவ வாயசைப்பா, நான் பேசுவேன்."

"அவ நல்லா சாப்பிடுறாளா?"

"இளைச்சுத்தான் இருக்கா."

கொஞ்ச தூரம் நடந்தோம். "வெளிய பனியா இருக்கா?" என்றார். இல்லை, வானம் தெளிவாக இருக்கிறது என்றேன். "அப்ப இன்னிக்கு யாரும் வழி தவற மாட்டாங்க" என்றார். அத்தையின் தோளைப் பிடித்துக்கொண்டு போய்விட்டார்.

வரச் சொன்னார் என்று பொய் எழுத மாட்டேன். அவர் சொல்லவில்லை. இங்கே டிசம்பரில் பனி தவறாது என்று விடுதிக்காரி சொல்கிறாள். அதை மட்டும் எழுதுகிறேன்.

என்னைப் பற்றிக் கேட்காதே. எல்டாவின் தொண்டை போய்விட்டது என்று கூடங்களில் பேச்சு. குழந்தைகள் படத்தில் ஒரு கோழி வேடம் கிடைத்திருக்கிறது. நிறைய முட்டையிடுகிற கோழி. நல்ல பாத்திரம்.

எல்டா


கியோஜா
6 டிசம்பர் 1960

எல்டா அக்கா,

இப்படிக் கூப்பிட அனுமதி கேட்கவில்லை. நீங்கள் கேட்காமல் நீ என்று எழுதினீர்களே, அதற்குச் சரியாகப் போயிற்று.

கோழி வேடத்தைச் சிரித்துக்கொண்டே எழுதியிருக்கிறீர்கள். மூக்கால் இழுத்த அந்த மூச்சு எனக்குக் கேட்டது. அடுத்த படத்துக்கு ஒப்பந்தம் வந்திருக்கிறது, வேறு கம்பெனி. உங்கள் குரல் இல்லாமல் கையெழுத்துப் போடமாட்டேன் என்று சொல்லிவிட்டேன். இந்த முறை எழுத்தில் கேட்டிருக்கிறேன். அவர்கள் இன்னும் பதில் தரவில்லை. தரவில்லையென்றால் என்ன செய்வேன் என்று தெரியவில்லை. கொராடோவை விட்டு வந்துவிட்டேனா என்றும் தெரியவில்லை. பெட்டி இங்கே இருக்கிறது, சாவி அங்கே இருக்கிறது.

முந்தாநாள் பனி இறங்கியது. பெலெஸ்திரீனா கரையில் படகுக்காரர் என்னை ஏற்றிக்கொள்ள மறுத்தார். "அம்மா, என் கையே எனக்குத் தெரியல" என்றார். கெஞ்சி வந்து சேர்ந்தேன். எங்கள் வீட்டு வாய்க்காலின் பாலத்தில் நின்றேன். கூப்பிட வாயைத் திறந்தால் குரல் வரவில்லை. யாரோ எனக்குப் பதிலாகக் கூப்பிடுவார்கள் என்று என் தொண்டை காத்திருந்தது. பத்து வருஷப் பழக்கம்.

பிறகு வந்தது. பாதியில் உடைந்தது. சன்னல்கள் திறந்தன. "யாரது, நெரீனாவா? மறுபடியும் படம் புடிக்கிறாங்களா?" என்று மேலிருந்து ஒருத்தி கேட்டாள். அப்பா வீட்டு வானொலி ஓடிக்கொண்டிருந்தது. மறுபடியும் கூப்பிட்டேன். வானொலி நின்றது. அப்புறம் பதில் வந்தது. மெதுவாகத்தான், ஆனால் வந்தது.

கதவைத் திறந்து நிலைப்படியிலேயே நின்றார். வழி விடவில்லை.

"உங்கம்மா கடைசில இழுப்பா. நீ வெட்டுற" என்றார்.

"மறந்துபோச்சுப்பா."

"அந்த மனுஷன் பேரு இந்த வீட்டுக்குள்ள வரக் கூடாது."

சரி என்றேன். பிறகு என்னவெல்லாமோ சொன்னேன். பத்து வருஷத்தையும் அந்த நிலைப்படியில் வைத்துச் சொல்ல நினைத்தேன். அவர் தலையைச் சாய்த்து, எஞ்சின் சத்தத்தைக் கேட்பதுபோல் கேட்டுக்கொண்டிருந்தார். நடுவில் கையை உயர்த்தி நிறுத்தினார். எல்டா அக்கா, எனக்கே தெரியாமல் போன ஒன்றை அவர் கண்டுபிடித்துவிட்டார். எந்தக் குரலுக்காக உங்களோடு சண்டை போட்டேனோ, அதற்குள்ளும் நீங்கள் வந்து உட்கார்ந்திருக்கிறீர்கள்.

"பாதி நீ பேசுற. பாதி அந்தம்மா பேசுது" என்றார். பிறகு ஓரமாக நகர்ந்து நின்றார்.

"ரெண்டு பேரும் உள்ள வாங்க. பனி வருது, கதவைச் சாத்து."

நெரீனா